வெப்கேமில் டைம்லாப்ஸ் எடுத்தவர்களே, சொதப்பின கதையைச் சொல்லுங்கள்

மதுரை மாடித்தோட்டம்:

மூன்று வருடம் காக்கவைத்து எங்கள் வீட்டு நிஷாகந்தி மொட்டு விட்டது. (பலர் இதையே பிரம்மகமலம் என்பார்கள். அசல் பிரம்மகமலம் இமயமலைச் செடி, அது வேறு.) இருட்டின பிறகு விரிய ஆரம்பித்து நள்ளிரவு வாக்கில் முழுசாக மலர்ந்து, விடிவதற்குள் தலை தொங்கிவிடும் பூ. கண்விழித்துப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. சும்மா கிடந்த வெப்கேமை லேப்டாப்பில் சொருகி, 10 விநாடிக்கு ஒரு படம் என்று வைத்துவிட்டுப் படுத்துவிட்டேன். ஒரு மணி நேரத்துக்கு 360 படம். விநாடிக்கு 24 படம் ஓட்டினால் 15 விநாடி வீடியோ. ராத்திரி ஏழு முதல் ஒரு மணி வரை என்றால் ஒன்றரை நிமிடம். போதும் என்று நினைத்தேன்.

காலையில் ஓட்டினால் முதல் 41 விநாடி அமர்க்களம். அதாவது 9:45 வரை. அந்த நேரத்தில் வீட்டுக்காரம்மா தண்ணீர் குடிக்க எழுந்து கேமராவுக்கும் பூவுக்கும் நடுவில் போயிருக்கிறார். ஆட்டோஃபோகஸ் தடுமாறி, பின்னால் சுவரில் இருந்த கடிகாரத்தைப் பிடித்துக்கொண்டது. பிடித்தது பிடித்ததுதான், விடவே இல்லை. மிச்ச வீடியோ முழுக்கக் கடிகாரம் பளிச்சென்று ஓடுகிறது. முன்னால் ஏதோ பஞ்சுப்பொதி மாதிரி ஒன்று பெரிதாகிக்கொண்டே போகிறது.

இன்னொரு கூத்தும் நடந்திருக்கிறது, அதை இரண்டாவது முறை பார்க்கும்போதுதான் கவனித்தேன். வெள்ளைப் பூ விரிய விரிய, வெளிச்சம் கூடிவிட்டதாக நினைத்துக் கேமரா தானாக எக்ஸ்போஷரை (படத்துக்குள் விடுகிற வெளிச்சத்தின் அளவை)க் குறைத்துக்கொண்டே வந்திருக்கிறது. இலை கருத்து, சுவர் கருத்து, என்னமோ வீட்டு வெளிச்சத்தை எல்லாம் பூ உறிஞ்சிக் குடிக்கிற மாதிரி இருக்கிறது.

அடுத்த மொட்டு இரண்டு வாரத்தில் மலரும் போலிருக்கிறது. யோசனை சொல்லுங்கள்.

மேகம் பிடிப்பவன், சென்னை:

சார், எல்லாம் அந்த 'ஆட்டோ' செய்கிற வேலை. ஃபோகஸ், எக்ஸ்போஷர், ஒயிட் பேலன்ஸ் (வெள்ளை வெள்ளையாகத் தெரிய நிறத்தைச் சரிசெய்வது), கெயின் (வந்த வெளிச்சத்தைப் பெருக்கிக் காட்டுவது), நாலையும் கையால் பூட்டுங்கள். விண்டோஸில் ஓபிஎஸ் என்ற இலவச வீடியோ மென்பொருளைப் போட்டு, கேமராவின் ப்ராப்பர்டீஸில் வீடியோ கான்ஃபிகர் பொத்தானைத் தட்டினால் அதற்கான பெட்டி வரும். லினக்ஸ் என்றால் அதே வேலைக்கு ஜியூவிசிவியூ என்ற மென்பொருள் இருக்கிறது. பூட்டிய பிறகு வயரைப் பிடுங்கி மாட்டாதீர்கள், நிறைய கேமரா எல்லாவற்றையும் மறந்துவிட்டுப் பழையபடி ஆட்டோவுக்குப் போய்விடும். எக்ஸ்போஷர் பூட்டும்போது பூ முழுசாக மலர்ந்தால் எவ்வளவு வெள்ளையாக இருக்குமோ, அதை மனதில் வையுங்கள். மொட்டின் இடத்தில் ஒரு வெள்ளைத் தாளைப் பிடித்துப் பார்த்தால் தெரிந்துவிடும்.

நான் சொதப்பினது மொட்டைமாடி அறை ஜன்னல் வழியாக ஐப்பசி மேகம் எடுத்தபோது. ராஸ்பெரி பை என்ற குட்டிக் கணினியில் ஒவ்வொரு படத்துக்கும் கேமராவைத் திறந்து, எடுத்து, மூடுகிற மாதிரி நிரல் எழுதியிருந்தேன். திறந்தவுடன் வருகிற முதல் சில படங்களில் கேமராவுக்கு வெளிச்சமே பிடிபட்டிருக்காது. ஒன்று இருட்டாக இருக்கும், இல்லை பச்சை பாய்ந்திருக்கும். நான் அந்த முதல் படத்தைத்தான் சேமித்துக்கொண்டே போயிருக்கிறேன். வானம் டிஸ்கோ மாதிரி மினுங்கியது. இப்போது முதல் 20 படத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு 21-வதை எடுக்கிறேன். குறித்த நேரத்தில் நிரலைத் தானாக ஓட்டுகிற கிரான் வசதியை நம்பினால் நிமிடத்துக்கு ஒரு படத்துக்கு மேல் முடியாது, மேகத்துக்கு அது பத்தவே பத்தாது. எனக்கு 3 விநாடிதான் சரிப்படுகிறது.

அப்புறம் சாயங்காலம் ஆனதும் ஜன்னல் கண்ணாடியில் அறையின் டியூப்லைட்டும் என் வழுக்கையும் மேகத்துக்கு நடுவில் மிதந்தன. கேமராவைக் கண்ணாடியோடு ஒட்டி வைத்து, சுற்றிக் கறுப்புத் துணியைப் போர்த்தின பிறகு அந்த வம்பு போனது.

ஆறாம் வகுப்பு டீச்சர்:

எங்கள் வகுப்பில் பச்சைப்பயறு. ராத்திரி ஊறவைத்து, கண்ணாடி டம்ளர் ஓரமாக ஈரப் பஞ்சுக்கு நடுவே வைத்தோம். 5 நிமிடத்துக்கு ஒரு படம், ஐந்து நாளில் 1440 படம், சரியாக ஒரு நிமிட வீடியோ. பகலில் ஜன்னல் வெளிச்சம் மாறி மாறி வந்ததால் டம்ளரையும் கேமராவையும் ஒரு அட்டைப்பெட்டிக்குள் வைத்து, எல்இடி பல்பை எரியவிட்டோம். பல்பு எரிந்ததும் படத்தில் பட்டை பட்டையாகக் கோடு ஓடியது. கேமராவில் மின்விளக்கு மினுக்கலைத் தடுக்கும் அமைப்பு 60 ஹெர்ட்ஸில் இருந்திருக்கிறது, நம் ஊர் மின்சாரத்துக்கு 50 என்று மாற்றியதும் சரியானது.

மூன்றாம் நாள் ஒரு பையன் பாசத்தில் டம்ளரை எடுத்துத் தண்ணீர் ஊற்றிவிட்டுத் திரும்ப வைத்தான். வீடியோவில் செடி ஒரு துள்ளு துள்ளி நகர்ந்துகொள்கிறது. பிள்ளைகளுக்கு அதுதான் பிடித்த இடம்! எனக்குப் பிடித்தது வேறு. தண்டு கொக்கி மாதிரி வளைந்து, பருப்பை இழுத்துக்கொண்டு மேலே வந்து நிமிர்கிறதே, அப்போது நேராக வளராமல் தலையைச் சுற்றிச் சுற்றி ஆட்டுகிறது. டார்வின் இதையெல்லாம் கேமரா இல்லாமலே, கண்ணாடித் தகட்டில் புள்ளி புள்ளியாகக் குறித்துக் கண்டுபிடித்தார்.

மதுரை மாடித்தோட்டம்:

இரண்டாவது மொட்டு நேற்று ராத்திரி மலர்ந்தது. எல்லாம் பூட்டினேன். 9 வாட் பல்பை நேராக அடிக்காமல் ஒரு தெர்மாகோல் அட்டையில் அடித்துத் திருப்பினேன், இதழ் நரம்பு கூடத் தெரிகிறது. நடுவில் 12 நிமிடம் கரண்ட் போச்சு. லேப்டாப் பேட்டரியில் ஓடியது, பல்பு அணைந்தது. 72 கறுப்புப் படம், வீடியோவில் 3 விநாடி இருட்டு. வெட்டிப் பார்த்தேன், பூ திடுக்கென்று குதித்தது; அதனால் இருட்டையே விட்டுவிட்டேன். கடிகாரத்தையும் முன்னேற்பாடாகக் கழற்றி உள்ளே வைத்திருந்தேன்.

வீட்டில் போட்டுக் காட்டினால், "அந்தக் கடிகாரம் எங்கே? மணி தெரிஞ்சாத்தானே நல்லாருக்கும்" என்கிறார் வீட்டுக்காரம்மா. நியாயம்தான். அடுத்த முறை தொட்டிக்குப் பக்கத்திலேயே, பூ இருக்கும் அதே தூரத்தில் மாட்டுவதாக ஏற்பாடு. விநாடி முள்ளை மட்டும் கழற்றிவிட வேண்டும். 10 விநாடிக்கு ஒரு படம் என்றால் அது ஆறே ஆறு இடத்தில் மாற்றி மாற்றித் தாவிக்கொண்டிருக்கும்.