12 நாள் புள்ளைக்கு 37.3, காய்ச்சலா?

களுவாஞ்சிக்குடி அம்மா: புள்ளைக்கு கக்கத்துல தேர்மோமீட்டர் வச்சுப் பார்த்தா 37.3 டிகிரி செல்சியஸ் காட்டுது, நெத்தியும் சுடுற மாதிரி இரிக்கு, பால் நல்லாக் குடிக்கிறா, எனக்குத்தான் பயமா இரிக்கு. பனடோல் சொட்டு குடுக்கலாமா?

கல்முனை உம்மா: பயப்படாதீங்க தங்கச்சி, 36.5 இருந்து 37.5 வரைக்கும் நோர்மல்தான். இந்த வெக்கையில தொப்பி, சொக்ஸ், ரெண்டு துணின்டு சுத்தி வச்சிரிக்கீங்களா? ஒண்டக் கழட்டிப்போட்டு கொஞ்ச நேரத்தால திரும்பப் பாருங்க. நெத்தியத் தொட்டுப் பாக்கிறத நம்பாதீங்க. டொக்டர் சொல்லாம பனடோல் வேணவே வேணாம்.

அக்கரைப்பற்று அக்கா: 38 தொட்டா விடியட்டும் எண்டு இருக்காம உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்க, வாகனம் இல்லாட்டி 1990 அம்புலன்சுக்கு அடிங்க. குறைஞ்சாலும் கவனம், 36.5க்குக் கீழ போனா நெஞ்சோட அணைச்சுப் போர்த்திப் பால் குடுங்க, சூடு ஏறாட்டி, பால் குடிக்காமச் சோர்ந்தா அப்பவும் ஓடணும்.

களுவாஞ்சிக்குடி அம்மா: துணியக் கழட்டினேன் அக்கா, இப்ப 36.9.