பாட்டி அழும் இடத்தில் என்ன இசை போடுவது?

கேள்வி: கீபோர்டுக்காரன், சுங்கை சிப்புட், மலேசியா

வணக்கம். கோயில் திருவிழா, கல்யாண விருந்து என்று எட்டு வருசமாக வாசிக்கிறேன். நண்பர் ஒருவர் எங்கள் பழைய தோட்டத்தைப் பற்றி 22 நிமிட ஆவணப்படம் எடுத்துவிட்டு, இசையை என் தலையில் கட்டிவிட்டார். லயம் (தொழிலாளர் வரிசை வீடுகள்) இடிந்துபோச்சு, ரப்பர் போய் எல்லாம் செம்பனை (எண்ணெய்ப்பனை). பால்மரம் வெட்டிய, அதாவது ரப்பர் மரத்தில் பட்டை சீவிப் பால் எடுத்த, பாட்டி ஒருவர் விடியற்காலைப் பெரட்டு (வேலைக்குமுன் ஆள் கணக்கெடுப்பு) பற்றிப் பேசும்போது பாதியில் குரல் உடைகிறது. அங்கே வயலின் போட்டேன். எனக்கே சீரியல் மாதிரி இருக்கிறது. உறுமி போடலாமா?

பதில்: பழைய மைக்

தம்பி, முதலில் அந்த வயலினை அழி. பாட்டி அழுவது எங்களுக்கே தெரிகிறது, நீ வேறு சொல்ல வேண்டாம். அவர் பேசி முடித்து, முகத்தைத் துடைத்து, படம் வெளியே மரத்துக்குப் போன பிறகு தொடங்கு. பேச்சுக்கு அடியில் ஏதாவது வேண்டும் என்று நண்பர் அடம்பிடித்தால், கீழ் ஸ்தாயியில் ஒரே சுருதி போதும். சொல் தெளிவாகக் கேட்பது ஏறக்குறைய 1,000 முதல் 4,000 ஹெர்ட்ஸுக்குள். வயலினும் அங்கேதான் வந்து முட்டும்.

உறுமி நல்லதுதான். ஆனால் பாட்டி வாயைத் திறக்கும்போது அது உறுமினால், நம்ம ஆளுங்க சாமி வரப்போகுது என்று நிமிர்ந்து உட்காருவார்கள்!

நான் ஒரு தோட்டப் படத்துக்கு அப்பாவின் பழைய உளியைத் தூக்கிக்கொண்டு, சின்னத் தோட்டக்காரர் ஒருவரின் ரப்பர் மரத்துக்குப் போனேன். பட்டை சீவும்போது ‘சர்க்’. கொஞ்ச நேரம் கழித்துக் காலி மங்கில் (பால் பிடிக்கும் கிண்ணம்) முதல் சொட்டு, ‘டக்’. அப்புறம் அடுத்தது. மங்கின் அடி நனைந்து பால்மேல் பால் விழ ஆரம்பித்ததும் சத்தமே இல்லை. அந்த அடங்கிப்போகும் சொட்டைத்தான் தாளமாக வைத்து மூன்று நிமிடம் ஓட்டினேன்.

பதில்: லயத்துப் பேரன்

அண்ணன் சொன்னதற்கு மேல் ஒன்று. 1934-இல் வந்த ‘சாங் ஆஃப் சிலோன்’ பாருங்கள், இசை வால்டர் லீ. தேயிலை விளம்பரத்துக்காக எடுத்த படம்தான். ஆனாலும் ஆட்கள் உழைக்கும் காட்சிமேல் சந்தை விலை சொல்லும் குரல்களைப் போட்டிருப்பார்கள். அதற்கு மேல் எந்த வயலினும் பேசாது.

நண்பர் எடிட்டில் சினிமா இசை எதையாவது சும்மா ஒட்டி வைத்திருந்தால் உடனே எடுக்கச் சொல்லுங்கள். காது அதற்குப் பழகிவிட்டால் நீங்கள் எது போட்டாலும் பிடிக்காது. அனுப்பும்போது ஒலிக்கோப்பின் மாதிரி வீதம் (sample rate) 48 கிலோஹெர்ட்ஸ், ஒவ்வொரு வாத்தியமும் தனித்தனி டிராக்காக.

கீபோர்டுக்காரன்:

நன்றி அண்ணே. வயலினை அழிச்சாச்சு. இன்று காலை செம்பனைக் குலை விழும் சத்தம் பிடிக்கப் போனேன். ‘தொம்’ என்று விழுந்ததும் பின்னால் நின்ற பாட்டி, “இதுக்கா இம்மாந்தூரம் வந்தே?” என்று கேட்டார். அதுவும் பதிவாகிவிட்டது. நண்பர் அதைப் படத்திலேயே வைக்கணும் என்கிறார்.