தேர்தல் அலுவலர்களை மாற்றச் சொல்ல நீதிமன்றத்திற்கு இடமுண்டா?

உசிலம்பட்டி, ஓய்வுபெற்ற தலைமையாசிரியர்:
2019 மக்களவைத் தேர்தலில் வாக்குப்பதிவு முடிந்த இரண்டாம் நாள், மதுரை மருத்துவக் கல்லூரி வாக்கு எண்ணும் மையத்தில் ஆவணங்கள் இருந்த அறைக்குள் ஒரு வட்டாட்சியர் அனுமதியின்றி நுழைந்ததை நம் மாவட்டத்தார் மறந்திருக்க முடியாது. வட்டாட்சியரின் பணியிடை நீக்கத்தோடு அது முடிந்திருக்கும். வேட்பாளர் ஒருவர் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடியதால்தான் மாவட்டத் தேர்தல் அலுவலரான ஆட்சியரையே மாற்றும் உத்தரவு வந்தது. அந்த உத்தரவு சரியானது என்றே கருதுகிறேன்.

ஒத்தக்கடை வழக்கறிஞர்:
ஐயா, தங்கள் ஆதங்கம் நியாயமானது. ஆனால் வழி ஆபத்தானது. அரசமைப்பின் 324ஆம் பிரிவு தேர்தலின் மேற்பார்வையைத் தேர்தல் ஆணையத்திடம் ஒப்படைத்திருக்கிறது. 1951ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 28ஏ பிரிவின்படி, தேர்தல் முடியும்வரை அலுவலர்கள் ஆணையத்தின் கட்டுப்பாட்டில் இருப்பவர்கள். நாமக்கல் வேட்புமனு தள்ளுபடி தொடர்பான பொன்னுசாமி வழக்கில், தேர்தல் நடைமுறையின் நடுவே நீதிமன்றங்கள் குறுக்கிடக் கூடாது, முடிந்தபின் முடிவை எதிர்த்துத் தொடுக்கும் தேர்தல் மனுவே வழி என்று 1952-இலேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. குறுக்கிட்டால் என்ன ஆகும் என்பதையும் பார்த்தோம். 2016 அக்டோபரில் பழங்குடியினர் இடஒதுக்கீட்டுக் குறையைக் காட்டித் தொடுத்த வழக்கில் உயர் நீதிமன்றம் உள்ளாட்சித் தேர்தலை ரத்து செய்தது. 2019 டிசம்பர் வரை நம் ஊராட்சிகள் தனி அலுவலர்களின் கையில் கிடந்தன.

உசிலம்பட்டி, ஓய்வுபெற்ற தலைமையாசிரியர்:
தேர்தலை நிறுத்துவதும், தேர்தலை நடத்துபவரை மாற்றுவதும் ஒன்றல்ல. 2000-இல் அசோக் குமார் வழக்கில், தேர்தலுக்கு இடையூறாக அல்லாமல் அது முறையாக நிறைவேற உதவும் உத்தரவைப் பிறப்பிக்கலாம் என்று உச்ச நீதிமன்றமே அனுமதித்திருக்கிறது. மதுரையில் எண்ணிக்கை ஒரு நாளும் தள்ளிப்போகவில்லை. 2016-க்குப் பின் மூன்றாண்டு இழுபட்டதில் வார்டு வரையறையை முடிக்காத நிர்வாகத்திற்கும் பெரும் பங்குண்டு. முழுப் பழியையும் நீதிமன்றத்தின் மேல் சுமத்துவது நேர்மையாகாது.

மேலூர் அங்கன்வாடிப் பணியாளர்:
இருவரும் அதிகாரிகளைப் பற்றியே பேசுகிறீர்கள்; வீடு வீடாக நடந்தவர்களையும் நினைக்க வேண்டும். 2025 நவம்பர் 4 அன்று தொடங்கிய வாக்காளர் பட்டியல் தீவிரத் திருத்தத்தில், எங்கள் வழக்கமான வேலையோடு படிவம் கொடுப்பதும் வாங்குவதும் பதிவேற்றுவதும் சேர்ந்தன. உடல்நலம் குன்றியவர்கூட விலகக் கேட்க அஞ்சினார்கள். டிசம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம், கூடுதல் ஊழியர்களை அமர்த்தி வேலைப்பளுவைக் குறைக்கவும், தக்க காரணம் காட்டுவோருக்கு விலக்களிப்பதைத் தனித்தனியே பரிசீலிக்கவும் மாநிலங்களுக்கு உத்தரவிட்டது. அதற்கு ஒரு மாதம் வழக்குக்காகக் காத்திருக்க நேர்ந்ததே எனக்கு வருத்தம்.

ஒத்தக்கடை வழக்கறிஞர்:
அம்மா, அந்த உத்தரவை நானும் வரவேற்கிறேன். அதில் நீதிமன்றம் எந்த ஊழியரையும் தானே தேர்ந்தெடுக்கவில்லை. ஆள் தர வேண்டிய மாநிலத்திற்கு அதன் கடமையை உணர்த்தியது. நான் எதிர்ப்பது, ஓர் அலுவலரின் மேல் விசாரணை முடியுமுன், மனுதாரரின் வாதத்தைக் கொண்டே அவரை மாற்றுவதைத்தான். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலத்தில், தலைவர் பதவியைப் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கியதற்கு எழுந்த எதிர்ப்பால் பத்தாண்டு நடத்த முடியாத ஊராட்சித் தேர்தலை 2006-இல் நடத்திக் காட்டியது, ஊர்ப் பெரியவர்களிடம் பேசிப் பேசி இணங்கவைத்த மாவட்ட நிர்வாகம். அப்படிப்பட்ட ஆட்சியரை ஒரே நாள் விசாரணையில் அகற்றினால் எந்த அதிகாரி துணிந்து முடிவெடுப்பார்?

உசிலம்பட்டி, ஓய்வுபெற்ற தலைமையாசிரியர்:
அந்தப் பத்தாண்டும் அதே நாற்காலியில் அதிகாரிகள் இருந்தார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். எனக்குள்ள பெரிய கவலை வேறு. 2023 மார்ச்சில், பிரதமர், எதிர்க்கட்சித் தலைவர், தலைமை நீதிபதி அடங்கிய குழுவின் ஆலோசனைப்படி தேர்தல் ஆணையர்களை நியமிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது, நாடாளுமன்றம் சட்டம் இயற்றும்வரை. அவ்வாண்டு டிசம்பரில் வந்த சட்டம் தலைமை நீதிபதியின் இடத்தில் ஒன்றிய அமைச்சரை அமர்த்தியது. மூவரில் இருவர் ஆளும் தரப்பினராக இருக்கும் குழு தேர்ந்தெடுத்த ஆணையத்திடமே, ஆளும் தரப்புக்குச் சாய்ந்த அலுவலரைப் பற்றி முறையிட்டுவிட்டுத் தேர்தல் முடியும்வரை காத்திருங்கள் என்கிறீர்கள். அலுவலரின் விளக்கத்தை இரண்டு நாளில் எழுத்தில் பெற்று அதன்பின் நீதிமன்றம் முடிவெடுக்கட்டும் என்றால் ஒப்புக்கொள்கிறேன். கதவையே மூடச் சொன்னால் ஒப்பமாட்டேன்.