திருகு மூட்டா, ஆணிமரை மூட்டா?

ஐயா, வணக்கம்.

கூன்வண்டின் (weevil) காலில், ஆணியும் மரையும் போலப் பொருந்தும் இடுப்பு மூட்டுக்கு, நம் அகராதிப் பட்டியலுக்காக நீங்கள் சொன்ன 'திருகு மூட்டு' என்ற பெயரை இரண்டு நாளாகச் சொல்லிச் சொல்லிப் பார்க்கிறேன். சின்னச் சொல், நாக்கில் எளிதாக வருகிறது. ஆனாலும் ஒரு நெருடல்.

திருகு என்றதும் செயல்தான் முதலில் நினைவுக்கு வருகிறது. காதைத் திருகுகிறோம், குழாயைத் திருகுகிறோம். படிப்பவர் இதைத் 'திருகும் மூட்டு' என்று எடுத்துக்கொண்டால், 'கழுத்தும்தானே திரும்புகிறது, இதில் என்ன புதுமை?' என்று கேட்கலாம். இங்கே புதுமை அமைப்பில் இருக்கிறது.

நியூ கினித் தீவின் பாப்புவா பகுதியில் வாழும் டிரிகோனாப்டெரஸ் ஆப்லாங்கஸ் ஒரு அரிசிமணியை விடச் சிறிய கூன்வண்டு. ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூ நகர ஆய்வாளர்கள் அதை எக்ஸ் கதிரில் முப்பரிமாணப் படமெடுத்து, 2011இல் 'சயின்ஸ்' இதழில் வெளியிட்டார்கள். காலின் முதல் கணுவான காக்சாவின் உட்சுவரில் மரை, அதாவது சுற்றிச் செல்லும் திருகுப் புரி, ஓடுகிறது, 345 பாகை, கிட்டத்தட்ட ஒரு முழுச்சுற்று. அதற்குள் நுழையும் அடுத்த கணுவான ட்ரோகாண்டரின் வெளிப்புறத்தில் 410 பாகைக்குப் புரி. ஒரு சுற்றைத் தாண்டி இன்னும் 50 பாகை! நாம் பட்டறையில் கடைந்து எடுப்பதை இந்த வண்டு இயற்கையாகவே வைத்திருக்கிறது. முன்னங்கால் சுமார் 90 பாகையும் பின்னங்கால் சுமார் 130 பாகையும் திரும்புமாம். வேறு கூன்வண்டுகளிலும் இதே அமைப்பு இருப்பதால், நாம் வைக்கும் பெயர் ஒரே வண்டோடு நின்றுவிடாது.

பந்துக் கிண்ண மூட்டு என்ற பெயரைப் பாருங்கள். பொருந்தும் உறுப்பு, பொருத்தப்படும் உறுப்பு இரண்டும் அதிலேயே இருக்கின்றன. பள்ளிப் பிள்ளைக்குப் படமே வேண்டாம். அந்த வழியில் என் பரிந்துரை 'ஆணிமரை மூட்டு'. ஆணியும் மரையும் என்று உம்மைத்தொகையாக விரியும். ட்ரோகாண்டர் ஆணி, அது நுழையும் காக்சா மரை.

'மரையாணி என்ற சொல் ஏற்கெனவே இருக்கிறதே' என்று நேற்று ஒருவர் எழுதியிருந்தார். சரிதான், ஆனால் அது மரை வெட்டிய ஆணி, ஒற்றைப் பொருள். மூட்டில் பாதியைத்தான் சொல்லும். வரிசையை மாற்றினால் அந்தக் குழப்பம் போய்விடுகிறது. 'ஸ்க்ரூ மூட்டு' என்றே வைக்கலாம் என்பதில் எனக்கு உடன்பாடில்லை. தோட்டுக்குத் திருகாணி போடும் மொழிக்கு இந்தக் கடன் தேவையே இல்லை.

அப்புறம் இன்னொன்று. இடக்கால் மரையும் வலக்கால் மரையும் ஒன்றுக்கொன்று கண்ணாடிப் பிம்பம். சுழலும் திசை எதிரெதிர். இதற்குச் சொல்லே உருவாக்க வேண்டாம். சங்கைப் பார்த்து நம் முன்னோர் வைத்த வலம்புரியும் இடம்புரியும் அப்படியே பொருந்துகின்றன. வலம்புரி மரை, இடம்புரி மரை என்று எழுதிப் பார்த்தேன், அவ்வளவு மகிழ்ச்சி எனக்கு.

'ஆணிமரை'யில் ஒலியோ பொருளோ இடறுகிறதென்றால் சொல்லுங்கள், ஐயா. அகராதிப் பட்டியலில் ஏற்றுவதற்கு முன் திருத்திக்கொள்ளலாம்.