நகைக்கடன் பிரச்சினையைச் சொல்லி கிராஜுவிட்டியை நிறுத்தி வைக்கலாமா?

கேள்வி: தொண்டி, ஆகஸ்ட் 2024

வணக்கம். வங்கி ஒன்றில் 34 வருடம் வேலை பார்த்து, தலைமைக் காசாளராக 2023 மே 31-ல் ஓய்வு பெற்றேன். பென்ஷன் மாதாமாதம் வருகிறது. கிராஜுவிட்டி (பணிக்கொடை) மட்டும் ஒரு ரூபாய்கூட வரவில்லை. மீன்பிடித் தடைக்காலம் ஜூன் 14-ல் முடியும்; கடலுக்குப் போகும் முன் வலைக்கும் டீசலுக்கும் எங்கள் கிளையில் நகைக்கடன் கூட்டம் அலைமோதும். அப்படி 2022-ல் வைத்த இரண்டு பொட்டலங்கள் போலி நகை என்று, நான் ஓய்வு பெற்ற பிறகு ஆடிட்டில் தெரிந்ததாம். உரசிப் பார்த்தது மதிப்பீட்டாளர். பெட்டகச் சாவிகளில் ஒன்று என்னிடம் இருந்தது, அவ்வளவுதான். "விசாரணை முடியட்டும்" என்கிறார்கள். வழக்குப் போட்டால் பென்ஷனும் நின்றுவிடுமோ என்று வீட்டில் பயப்படுகிறார்கள்.

பதில் 1: கீழக்கரை

லேபர் கோர்ட்டில், தொழில் தகராறு சட்டத்தின் 33சி(2) பிரிவில், பாக்கிப் பணம் கேட்டு மனு போடுங்கள் அண்ணே. என் மாமா லீவுப் பணத்தை அப்படித்தான் வாங்கினார்.

பதில் 2: மதுரை, ஓய்வுபெற்ற சங்க ஊழியர்

லீவுப் பணத்துக்கு அது சரி. கிராஜுவிட்டிக்கு வழி வேறு. தோழர், முதலில் ஒன்று சொல்லுங்கள்: ஓய்வுக்கு முன் சார்ஜ் ஷீட் ஏதாவது கொடுத்தார்களா? எல்லாம் அதில்தான் இருக்கிறது.

கேட்டவர்

இல்லை. ஓய்வு பெற்று நாலு மாதம் கழித்து விளக்கம் கேட்டு ஒரு கடிதம் வந்தது, பதிலும் அனுப்பிவிட்டேன். ரிலீவிங் ஆர்டரில் எந்தக் குறிப்பும் இல்லை.

பதில் 2, மீண்டும்

அப்படியென்றால் தைரியமாக இருங்கள். நீங்கள் ஓய்வு பெற்றபோது அமலில் இருந்த 1972-ஆம் வருடப் பணிக்கொடைச் சட்டம் பிரிவு 4(6)-இன்படி, குற்றத்துக்காக வேலையை விட்டு நீக்கியிருந்தால்தான் கிராஜுவிட்டியில் கை வைக்க முடியும். நீங்கள் முறையாக ஓய்வு பெற்றவர். ஓய்வுக்கு முன்பே சார்ஜ் ஷீட் கொடுத்திருந்தால், வங்கியின் விதியும் இடம் கொடுத்தால், விசாரணை முடியும்வரை நிறுத்தி வைக்கலாம் என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதனால்தான் முதலில் அதைக் கேட்டேன்.

கிராஜுவிட்டி கேட்டு வங்கிக்கு 'ஐ' படிவம் கொடுத்திருக்கிறீர்களா? இல்லையென்றால் இன்றே பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அப்புறம் மதுரையில் மத்திய உதவித் தொழிலாளர் ஆணையரிடம் 'என்' படிவத்தில் மனு. அந்த மனுவுக்கான 90 நாள் கெடு தாண்டிவிட்டது, ஆனால் தக்க காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிப்பார்கள். "விசாரணை முடியட்டும்" என்று அவர்கள் எழுதிய கடிதத்தையே காரணமாக வையுங்கள். கடைசி அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்த்து எவ்வளவு?

கேட்டவர்

78,000.

பதில் 2

அதை 26-ஆல் வகுத்து 15-ஆல் பெருக்கினால் 45,000. அதை 34 வருடத்தால் பெருக்க 15,30,000. உச்சவரம்பு 20 லட்சம், அதற்குள்தான் வருகிறது. 30 நாளுக்குள் தந்திருக்க வேண்டியது. தாண்டினால் 10 சதவீதத் தனி வட்டி, வருடத்துக்கு 1,53,000. அப்புறம், பென்ஷன் கருணைத் தொகை அல்ல, உரிமை என்று 1971-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கிராஜுவிட்டி கேட்டதற்காக அதை யாரும் நிறுத்த முடியாது. வீட்டில் இதை முதலில் சொல்லுங்கள்.

கேட்டவர்: டிசம்பர் 2024

மனு கொடுத்து வங்கிக்கு நோட்டீஸ் போய்விட்டது. விசாரணைத் தேதிக்கு நான்கு நாள் முன்னால் மேலாளரே போன் செய்தார். வட்டி வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால் பணம் உடனே வருமாம். மகளின் கல்விக் கடன் நிற்கிறது. கையெழுத்துப் போடலாமா?

பதில் 2

போடாதீர்கள் தோழர். அசல் தந்தால் வாங்கிக்கொள்ளுங்கள், ரசீதில் "வட்டி உரிமைக்குப் பாதகமின்றிப் பெற்றேன்" என்று உங்கள் கையாலேயே எழுதுங்கள். தாமதத்துக்கு ஊழியர்தான் காரணம் என்று வங்கி காட்டி, ஆணையரிடம் எழுத்தில் அனுமதியும் வாங்கியிருந்தால்தான் வட்டி கிடையாது. அந்த அனுமதிக் கடிதம் எங்கே என்று விசாரணையில் கேளுங்கள். அன்றைக்கு நானும் மதுரையில் கூட வருகிறேன்.