அப்பத்தா பாடிய தாலாட்டு யாருக்குச் சொந்தம்?

தேவகோட்டைப் பேத்தி:
எங்கள் அப்பத்தா பாடும் தாலாட்டை ஒரு சேனல்காரர்கள் வீட்டுக்கு வந்து, வளவு முற்றத்தில் உட்காரவைத்துப் பாடச்சொல்லி எடுத்துக்கொண்டு போனார்கள். கையெழுத்தெல்லாம் கிடையாது, வாயால் சரி என்றதோடு சரி. வீடியோவில் 'செட்டிநாட்டுப் பாட்டி' என்று போட்டிருக்கிறார்கள், பேரே இல்லை. போன மாதம் தம்பி மகனைத் தொட்டிலில் போட்டபோது அப்பத்தா பாடியதை நாங்கள் போனில் எடுத்து யூடியூபில் ஏற்றினால், பாட்டு தங்களுடையது என்று அவர்கள் க்ளெய்ம் போட்டிருக்கிறார்கள். ஆச்சிமார் தலைமுறை தலைமுறையாகப் பாடுவது ஒரு சேனலுக்கு எப்படிச் சொந்தமாகும்? மனசு ஆறவில்லை.

கானாடுகாத்தான் வாசகர்:
ஆகாது. வழிவழியாக வந்த பாட்டுக்கு யாரும் உரிமை கொண்டாட முடியாது. அவர்கள் எடுத்த பதிவு மட்டும்தான் அவர்களுடையது, அதற்கு 60 ஆண்டு உரிமை. நீங்கள் எடுத்தது வேறு பதிவு. யூடியூபிலேயே டிஸ்ப்யூட் (மறுப்பு) போடுங்கள், 30 நாளுக்குள் அவர்கள் பதில் சொல்லாவிட்டால் க்ளெய்ம் விலகிவிடும். போனில் இருக்கும் மூல வீடியோவை அழித்துவிடாதீர்கள்.

பள்ளத்தூர் ஆச்சி:
அப்பத்தா தானாகக் கட்டிய வரிகள் அதில் உண்டா என்று கேள், அதுதான் முக்கியம். நம் பக்கம் மெட்டும் தொடக்கமும் பொது. ஆனால் பிள்ளையின் ஐயா பேர், வீட்டின் கோயில் பிரிவு இளையாத்தங்குடியா மாத்தூரா, அம்மான் கொண்டுவந்த சீர், பர்மாவுக்குக் கொண்டுவிற்கப் போன கதை என்று அந்தந்த வீட்டுக்கென்று கட்டிப் பாடுவோமே, அந்த வரிகள் கட்டியவருக்கே சொந்தம். அவர் ஆயுளுக்கும், அதற்குப் பின் 60 ஆண்டுக்கும். அப்பத்தா சொல்லச் சொல்ல இன்றைக்கே ஒரு நோட்டில் எழுதி வை ஆத்தா, தள்ளிப்போடாதே.

கானாடுகாத்தான் வாசகர்:
ஆச்சி சொல்வது சரி. அப்புறம் இன்னொன்று, பாடியவருக்கும் தனி உரிமை உண்டு. 1957 பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்த்த 38பி பிரிவுப்படி, பாடியவர் இன்னார் என்று பேர் போடச் சொல்லிக் கேட்கலாம். 'பாட்டி' என்று போட்டால் போதாது. காசைப் பற்றி அப்புறம் பேசலாம், முதலில் பேரைப் போடச் சொல்லி அப்பத்தா பேரிலேயே ஒரு கடிதம் எழுதுங்கள். பெரிய சபையில் பாடியிருந்தால் பேர் போடாமல் விட்டிருப்பார்களா?

தேவகோட்டைப் பேத்தி:
நன்றி அண்ணே, டிஸ்ப்யூட் போட்டுவிட்டேன். கேட்டதில் தம்பி மகனுக்காகப் பாடிய பாதி அப்பத்தாவே கட்டியதாம் ஆச்சி! அந்த நோட்டை எங்காவது பதிவு செய்யவேண்டுமா?

கானாடுகாத்தான் வாசகர்:
கட்டாயமில்லை, எழுதியதுமே உரிமை வந்துவிடும். பதிவு செய்தால் வழக்கு என்று வரும்போது சாட்சியாக உதவும். தேதி போட்டு அப்பத்தாவிடம் கையெழுத்து வாங்கி வையுங்கள்.