சாம்பாரில் ஏது கோதுமை?

வைகைக்கரை (காலை 9:12)
போன வாரம் பயணச் சாப்பாடு இழையில் காவிரிக்காரன் எழுதியது இது: "கோதுமை அலர்ஜியா? கவலையே வேண்டாம். இட்லி, சாம்பார், ரசம் என்று நம் சாப்பாட்டுக்கு வந்துவிடுங்கள், கண்ணை மூடிக்கொண்டு சாப்பிடலாம்." அதற்கு நாற்பது பேர் விருப்பம் வேறு. படித்ததிலிருந்து எனக்கு ஆறவில்லை.

என் மகளுக்கு ஏழு வயது, கோதுமை அலர்ஜி. இரண்டு வருடம் முன்பு ஒரு கல்யாணப் பந்தியில் பூரி, கேசரி, சேமியா பாயசம் எல்லாவற்றையும் ஒதுக்கிவிட்டு வெறும் ரசம் சாதம்தான் ஊட்டினேன். கை கழுவி வருவதற்குள் உதடு வீங்கிவிட்டது. அப்புறம் மூச்சு இழுப்பு, ஆட்டோ, ஆஸ்பத்திரி, ஊசி. வீட்டுக்கு வந்து ஒவ்வொரு டப்பாவாகத் திருப்பிப் படித்தேன். பெருங்காயத்தூள் டப்பாவின் முதுகில் பொடி எழுத்தில் "கோதுமை மாவு" என்று இருக்கிறது. சாம்பார், ரசம், ஊறுகாய், இட்லிப்பொடி எதில்தான் பெருங்காயம் இல்லை? கண்ணை மூடிக்கொண்டு சாப்பிடச் சொல்பவர்கள் முதலில் கண்ணைத் திறந்து டப்பாவைப் படியுங்கள்.

காவிரிக்காரன் (9:40)
நான் பொதுவாகச் சொன்னேன். அதைப் பிடித்துக்கொண்டு தனி இழையே தொடங்க வேண்டுமா? நல்லது சொன்னால் இதுதான் மரியாதை போலிருக்கிறது.

கீழமாசி மளிகை (10:05)
தாயி, பிள்ளைக்கு வந்தது கேட்டு வருத்தம். ஆனால் பெருங்காயத்தின் மேல் பழி போடாதீர்கள். 41 வருடமாக மதுரையில் மளிகைக் கடை நடத்துகிறேன். பெருங்காயம் என்பது செடியின் வேரைக் கீறி எடுக்கிற பால். ஆப்கானிஸ்தானிலும் ஈரானிலும் காய்ந்த மலையில் விளைகிறது. அந்தப் பாலில் ஏது கோதுமை?

ஆய்வகத்து அணில் (10:31)
அண்ணாச்சி சொல்வது கலப்பில்லாத பெருங்காயம். கடையில் நாம் வாங்குவது கூட்டுப் பெருங்காயம். அந்தப் பால் அப்படியே போட முடியாத அளவுக்குக் காரம், நாற்றம். அதனால் கருவேலம் பிசின் வகையும் ஏதாவது மாவும் சேர்த்துத்தான் விற்கிறார்கள். மைதா, கோதுமை, அரிசி என்று கம்பெனிக்குக் கம்பெனி மாறும். இது கலப்படம் அல்ல, உணவுச் சட்டமே அனுமதிக்கிறது.

இன்னொன்று. கோதுமை அலர்ஜி வேறு, சீலியாக் வேறு. முன்னது உடனே வீக்கம், தடிப்பு, மூச்சுத் திணறல். பின்னது கோதுமை, பார்லி போன்ற தானியங்களில் உள்ள குளூட்டன் என்ற புரதத்தால் சிறுகுடலை உடம்பே அரிக்கிற நோய். இரண்டுக்கும் பரிசோதனை வேறு, ஒதுக்க வேண்டியதும் வேறு. முதலில் எதைப் பற்றிப் பேசுகிறோம் என்று...

கீழமாசி மளிகை (10:38)
தூளைப் பற்றி நான் பேசவே இல்லை. தூள் வாங்குகிறவர்கள் எதை வேண்டுமானாலும் வாங்கிக்கொள்ளுங்கள். நான் சொல்வது கட்டிப் பெருங்காயம். கட்டியில் ஏது கோதுமை?

வைகைக்கரை (10:44)
கட்டியிலும் உண்டு, அண்ணாச்சி. நான் பார்த்த மூன்று கட்டி டப்பாவிலும் மாவு எழுதியிருந்தது. மாவும் பிசினும் சேர்த்துப் பிசைந்து அழுத்தினால் கட்டி, அரைத்தால் தூள்.

கீழமாசி மளிகை (10:52)
எங்கள் அப்பா காலத்தில் தோல் பையில் வரும். உடைக்க உலக்கை வேண்டும். கடைக்குள் நுழைந்தவன் சட்டையில் மூன்று நாள் வாசம் போகாது. அதில் மாவு கலந்ததாக ஒருவர் சொல்லட்டும், கடையை மூடிவிடுகிறேன்.

பழைய சோறு (11:03)
அண்ணாச்சி, அப்பா காலத்துப் பெருங்காயத்தை இந்தப் பிள்ளை எப்படித் தின்னும்?

டொரண்டோ தமிழன் (11:20)
இங்கே கனடாவில் இந்தப் பிரச்சினையே இல்லை. அலர்ஜிப் பொருள் எது இருந்தாலும் பொட்டலத்தில் தெளிவாக எழுதியே ஆக வேண்டும். எள், கடுகு உட்பட. ஊரில் அந்த அக்கறை எப்போது வருமோ.

கீழமாசி மளிகை (11:24)
கடுகுக்கா? கடுகுக்கும் அலர்ஜியா? தம்பி, அப்படியானால் அங்கே தாளிப்பதே இல்லையா?

டொரண்டோ தமிழன் (11:29)
சிரிக்கிற விஷயம் இல்லை. கடுகால் மூச்சடைத்துப் போனவர்கள் இருக்கிறார்கள்.

காவிரிக்காரன் (11:35)
ஊரை விட்டுப் போய்விட்டு ஊருக்கு அக்கறை இல்லை என்பது நல்ல பழக்கம். இங்கேயும் சட்டம் இருக்கிறது. 2020 லேபிள் விதிகளிலேயே குளூட்டன் தானியம், பால், முட்டை, மீன், இறால் நண்டு வகை, வேர்க்கடலை, கொட்டைப் பருப்புகள், சோயா எல்லாவற்றையும் அலர்ஜி எச்சரிக்கையாக அச்சடிக்க வேண்டும்.

வைகைக்கரை (11:41)
ஆக, பெருங்காய டப்பாவில் எழுதியிருக்கும் என்று நீங்களே ஒப்புக்கொள்கிறீர்கள். பந்தியில் இலைக்கு முன்னால் டப்பாவையா வைப்பார்கள்? கண்ணை மூடிக்கொண்டு சாப்பிடலாம் என்று எழுதியவர் நீங்கள்தானே?

காவிரிக்காரன் (11:43)
நான் ஒன்றும் ஒப்புக்கொள்ளவில்லை. சட்டத்தைச் சொன்னேன். போன தீபாவளிக்கு என் அதிரசப் பக்குவத்தையும் நீங்கள் இப்படித்தான் குதறினீர்கள். எனக்கு மறக்கவில்லை.

வைகைக்கரை (11:46)
அது அதிரசமே இல்லை, வடை.

ஆய்வகத்து அணில் (11:58)
பெருங்காயத்தோடு நின்றுவிடாதீர்கள். வெளியே சாப்பிடும்போது அதைவிடப் பெரிய வம்பு தோசைக்கல். பரோட்டா தட்டிய கல்லிலேயே அடுத்த தோசை. ரவா தோசை மாவில் ரவையும் மைதாவும். அதே கரண்டி, அதே எண்ணெய்த் துணி. பூரி பொரித்த எண்ணெயிலேயே வடை, பஜ்ஜி. பந்தியில் கேசரிக் கரண்டியை ரச வாளியில் போட்டாலும் போதும். குழம்பு கெட்டியாக மைதா கரைத்து ஊற்றுகிற சமையல்காரர்களும் இருக்கிறார்கள். அதனால் ஆவியில் வேகிற இட்லி, இடியாப்பம், பால், பழம் இவைதான் கொஞ்சம் நிம்மதி. அதிலும் கேட்டுத்தான் வாங்க வேண்டும்.

கீழமாசி மளிகை (12:04)
பார்த்தீர்களா! கரண்டி. இதைத்தான் காலையிலிருந்து சொல்கிறேன். கேசரிக் கரண்டி ரசத்தில் விழுந்திருக்கும். பெருங்காயம் குற்றமற்றது. பத்து லிட்டர் ரசத்துக்குப் போடுவதே புளியங்கொட்டை அளவு. அதில் மாவு என்று ஒன்று இருந்தாலும் எவ்வளவு இருக்கும்?

வைகைக்கரை (12:09)
"இருந்தாலும்" என்று வந்துவிட்டீர்களே அண்ணாச்சி.

கீழமாசி மளிகை (12:10)
ஒரு பேச்சுக்குச் சொன்னேன். கட்டியில் ஏது கோதுமை?

ஆய்வகத்து அணில் (12:22)
அளவு கொஞ்சம் என்பதை நம்ப முடியாது. சிலருக்கு மிகக் குறைந்த அளவே போதும், ஆளுக்கு ஆள் வேறுபடும். கரண்டியா பெருங்காயமா என்று இங்கே உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லவும் முடியாது. டாக்டரிடம்...

பழைய சோறு (12:25)
என் பாட்டி இதற்கெல்லாம் கரப்பான் பண்டம் என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவார். கத்தரிக்காய், கருவாடு தின்னாதே, உடம்பு அரிக்கும், அவ்வளவுதான். கோதுமை அந்தப் பட்டியலிலேயே இல்லை. ஏனென்றால் வீட்டிலேயே கோதுமை இல்லை.

காவிரிக்காரன் (12:31)
அதைத்தான் நானும் சொன்னேன். நம் சாப்பாட்டில் கோதுமை இல்லை!

வைகைக்கரை (12:33)
பாட்டி வீட்டில் இல்லை. உங்கள் வீட்டில் ராத்திரி என்ன, சப்பாத்தியா?

காவிரிக்காரன் (12:34)
அது சர்க்கரைக்காக.

கீழமாசி மளிகை (12:40)
சர்க்கரைக்குச் சப்பாத்தி என்று கிளப்பிவிட்டவன் யார் என்று தெரிந்தால் சொல்லுங்கள், அது தனிக் கதை. சாமை, வரகு, குதிரைவாலி என் கடையில் மூட்டையாக இருக்கிறது. பிள்ளைக்கு அதைக் கொடுங்கள் தாயி, கோதுமை வேண்டாம். ஆனால் பெருங்காயம் போடாத சாம்பாரை மட்டும் சாம்பார் என்று சொல்லாதீர்கள்.

வைகைக்கரை (12:47)
என் வீட்டில் இரண்டு வருடமாகப் பெருங்காயமே இல்லை. பூண்டும் சீரகமும் தட்டிப் போடுகிறேன். நடுவில் அரிசி மாவு சேர்த்த கூட்டுப் பெருங்காயம் என்று ஒன்று கிடைத்தது, மூன்று மடங்கு விலை. மாமியார் வரும்போது மட்டும் எடுப்பேன். சாம்பார் என்றுதான் சொல்கிறோம்.

டொரண்டோ தமிழன் (12:55)
இங்கே குளூட்டன் இல்லாத பெருங்காயம் சாதாரணமாகக் கிடைக்கிறது.

காவிரிக்காரன் (12:56)
வந்துவிட்டார்.

கீழமாசி மளிகை (13:10)
இப்போது கடையில்தான் இருக்கிறேன். கையில் கட்டிப் பெருங்காயம் 50 கிராம் டப்பா. படம் போட்டிருக்கிறேன், எல்லோரும் பார்த்துக்கொள்ளுங்கள். எங்கேயாவது கோதுமை என்று இருக்கிறதா?

வைகைக்கரை (13:14)
அது முன்பக்கம்.

கீழமாசி மளிகை (13:22)
பின்பக்கமும் போட்டாயிற்று.

ஆய்வகத்து அணில் (13:26)
அண்ணாச்சி, சேர்பொருள் பட்டியல் இருக்கிற இடத்தில் உங்கள் கடை விலைச்சீட்டு ஒட்டியிருக்கிறது.

வைகைக்கரை (13:27)
சீட்டைக் கொஞ்சம் பிய்த்துவிட்டு எடுங்களேன்.

கீழமாசி மளிகை (13:31)
விற்கிற சரக்கில் சீட்டைப் பிய்த்தால் யார் வாங்குவார்கள்? அதெல்லாம் முடியாது. இப்போது சாப்பாட்டு நேரம், கடையை அடைக்கிறேன். நாலு மணிக்கு வந்து பதில் சொல்கிறேன். அதுவரை யாராவது ஒருவர் சொல்லுங்கள், கட்டியில் ஏது கோதுமை?

காவிரிக்காரன் (13:33)
அப்புறம் ஒரு திருத்தம். என் பதிவுக்கு நாற்பது அல்ல, 43 விருப்பம்.